மாடி வராந்தாவின் கிறிஸ்துமஸ் செடிகள்

பாயின்செட்டியாவுக்கு எத்தனை நாளைக்கு ஒரு தடவை தண்ணீர் விட வேண்டும் என்று போன வாரம் கவிதா போன் செய்து கேட்டாள். மண்டபம் கடற்கரையில் நான் வேலை பார்த்து ஓய்வு பெற்ற ஹோட்டலில் தோட்டப் பொறுப்பு இப்போது அவளுடையது. விவசாயம் படித்தவள், சுறுசுறுப்பான பெண். தொட்டிக்குத் தொட்டி ஈரம் காட்டும் கருவி ஒன்றை இந்த வருடம் செருகியிருக்கிறார்களாம். ஒரு தொட்டியில் ஈரம் என்கிறதாம், பக்கத்துத் தொட்டியில் வறட்சி என்கிறதாம். ஆனால் இரண்டு செடியும் ஒரே மாதிரி தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு நிற்கின்றனவாம்.

"தெரியலம்மா" என்றேன்.

"விளையாடாதீக பாய். இத்தன வருசம் பாத்துருக்கீகளே."

நான் விளையாடவில்லை. தண்ணீர் காணாமல் வாடும் செடியும் தண்ணீர் கூடிப்போய் வாடும் செடியும் பார்வைக்கு ஒன்றுதான். இரண்டுமே இலையைத் தொங்கப் போடும், இரண்டுமே கீழ் இலையை மஞ்சளாக்கி உதிர்க்கும். ஒன்றுக்கு மருந்து தண்ணீர், மற்றதுக்கு விஷமும் அதுவே. இதைச் சொன்னதும் அவள் "அப்ப என்னதான் பண்ணுறது?" என்றாள். தொட்டியைத் தூக்கிக் கனம் பார்க்கச் சொன்னேன். ஆனால் போனை வைத்த பிறகு மனம் அங்கே நிற்கவில்லை. ஒரு டிசம்பர் மாதம் முழுக்க என்னைக் கிறுகிறுக்க வைத்த விஷயம் நினைவுக்கு வந்து உட்கார்ந்துகொண்டது. அதை எழுதிப் பார்த்தாலாவது பிடிபடுமா என்றுதான் எழுதுகிறேன்.

எனக்குச் சொந்த ஊர் திருப்பாலைக்குடிப் பக்கம். கடல் பக்கத்தில் இருந்தும் எனக்குக் கடல் ஒத்துவரவில்லை, படகில் ஏறினால் குடலைப் பிடுங்கும். அத்தா தலையில் அடித்துக்கொண்டு என்னைக் கத்தாருக்கு அனுப்பினார். அங்கே சாலை நடுவே இருக்கும் செடிகளுக்குத் தண்ணீர் விடுகிற வேலை. பாலைவனத்துச் செடிக்கு எவ்வளவு விட்டாலும் போதாது, ஆகையால் தண்ணீர் குறைவது ஒன்றுதான் தவறு என்று நினைத்தே தொழிலைக் கற்றுக்கொண்டேன். ஊர் திரும்பி ஹோட்டலில் சேர்ந்த பிறகு அந்தப் பாடத்தை மறப்பதற்கே சில வருடங்கள் பிடித்தன. காகிதப்பூவும் அரளியும் தென்னையும் இந்த மண்ணுக்குப் பழகியவை, நான் என்ன தப்புச் செய்தாலும் பொறுத்துக்கொண்டன. பிறகு பாயின்செட்டியா வந்தது.

அதை எங்கள் ஆட்கள் கிறிஸ்துமஸ் செடி என்பார்கள். சிவப்பாகத் தெரிவது பூ அல்ல, மேல் இலைதான். பூ என்பது நடுவில் மஞ்சளாக மிளகு அளவுக்கு இருப்பது. ஓசூர்ப் பக்கமிருந்து லாரியில் காகித உறை போட்டு வரும். வந்த அன்றைக்கே உறையைக் கழற்றிவிட வேண்டும், மறந்தால் இலை உதிர ஆரம்பிக்கும். அழகுக்காகத் தொட்டியைச் சுற்றிப் பளபளவென்று தாள் ஒட்டியிருப்பார்கள். அதன் அடியில் ஓட்டை போடாவிட்டால் தண்ணீர் உள்ளேயே தேங்கி வேர் ஊறிப்போகும். ஒடித்தால் பால் வடியும், சிலருக்கு அது பட்டால் அரிக்கும்.

எங்கள் ஊரில் இதற்கு இரண்டு தொந்தரவு. ஒன்று போர்வெல் தண்ணீர். அது உப்பு, ஊற்றினால் இலை ஓரம் கருகும். அதற்காக அறைகளின் ஏசியிலிருந்து சொட்டும் தண்ணீரை வாளி வைத்துப் பிடித்து வைத்துக்கொள்வேன். இன்னொன்று காற்று. மார்கழியில் வாடைக்காற்று ஈரத்தோடு வரும். காற்றில் ஈரம் இருந்தால் செடி குடிப்பது குறைந்துவிடும். ஆனால் அதே காற்று தொட்டியின் மேல்பக்கத்தை மட்டும் உலர்த்தி வெளுக்க வைக்கும். உள்ளே இருப்பது மண் அல்ல, தென்னை நார்க்கழிவு. மேலே காய்ந்திருக்கும், கீழே பிழிந்தால் வடியும். ஆகையால் கண்ணை நம்பக் கூடாது. தொட்டியைத் தூக்கிக் கனம் பார்க்க வேண்டும். லேசாக இருந்தால் மட்டும் காலையில், இலையில் படாமல், அடியில் வழியும்வரை ஊற்றி, தட்டில் வடிந்ததைச் சற்று நேரத்தில் கொட்டிவிட வேண்டும். சாயங்காலம் ஊற்றவே கூடாது, பூஞ்சை பிடிக்கும்.

இதை அச்சுப் பிசகாமல் செய்தவள் சிவகலா. மண்டபம் அகதிகள் கேம்ப்பில் இருந்து தினக்கூலிக்கு வந்துகொண்டிருந்தாள். சின்னப் பிள்ளையாக இலங்கை மன்னாரிலிருந்து படகில் வந்தவள். தாயும் அவளும் மட்டும்தான் குடும்பம். ஒவ்வொரு தொட்டியையும் இரண்டு கையாலும் தூக்கி, ஒரு நொடி கண்ணை மூடி, பிறகு முடிவு செய்வாள். கேம்ப்பில் உள்ள பெண்களுக்கு மாதம் முழுக்கத் தொடர்ந்து கிடைக்கும் வேலை அபூர்வம். இந்த வேலை போனால் மீன் காயவைக்கிற இடத்தில் என்றைக்காவது கூப்பிட்டால் உண்டு, இல்லையென்றால் இல்லை.

அப்போது எங்களுக்கு மேனேஜர் தாமோதரன் சார். குன்னூர்க்காரர். சத்தம் போட்டு நான் கேட்டதில்லை. காலையில் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு தோட்டத்தைச் சுற்றி வருவார், எதையும் தொட மாட்டார். ஏதாவது கேட்பார். நாம் என்ன பதில் சொன்னாலும் "அப்படியா?" என்பார். அதில் கிண்டல் இருக்காது, சந்தேகமும் இருக்காது. தெரிந்துகொள்ளத்தான் கேட்கிறார். ஆனால் அந்த "அப்படியா?" காதில் விழுந்ததும் நாம் சொன்னது நமக்கே பொய் மாதிரி தோன்றிவிடும். ஒருமுறை மோட்டார் சரியாகிவிட்டது என்றேன். "அப்படியா?" என்று நகர்ந்தார். நான் ஓடிப்போய் மோட்டாரைப் பார்த்தேன். அது பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது.

அந்த வருடம் நவம்பர் கடைசியில் செடிகளைப் பாதி வரவேற்பறையிலும் பாதி மாடி வராந்தாவில் அறை வாசல்களிலும் வைத்தோம். முந்தைய வருடம் போர் தண்ணீரில் எல்லாம் கருகிப்போய் முதலாளி முகம் சுளித்திருந்தார். இந்த வருடம் கிறிஸ்துமஸுக்குக் குடும்பத்தோடு வருவதாகச் சொல்லியிருந்தார். முதல் சில நாட்கள் செடிகள் ஜம்மென்று இருந்தன. பிறகு டிசம்பர் தொடங்கிக் கொஞ்ச நாளில் மாடியில் ஒரு தொட்டி தலை சாய்ந்தது. அடுத்தடுத்து மற்றவையும்.

மேனேஜர் வந்து நின்று பார்த்தார். "எங்க ஊர்ல இது வேலியில மரம் மாதிரி நிக்கும் பாய். யாரும் தண்ணி விட்டு நான் பாத்ததில்ல" என்றார்.

"அது குளுந்த ஊரு சார்."

"அப்படியா?" என்றார். பிறகு, "தண்ணி விடுறது யாரு?" என்று கேட்டார்.

"சிவகலா சார்."

"வெள்ளிக்கிழமைக்குள்ள என்ன காரணம்னு சொல்லுங்க. தண்ணி விடுறதுலதான் தப்புன்னா ஆள மாத்திடுங்க."

மாற்றுவது என்றால் அனுப்புவது. அது எனக்கும் தெரியும், வாளியோடு தூணுக்குப் பக்கத்தில் நின்ற சிவகலாவுக்கும் தெரியும்.

"அண்ணை, நான் காலமை ஒருக்காத்தான் ஊத்தினனான். பாரமா இருந்த சட்டிக்கு அதுவும் ஊத்தேல்லை" என்றாள். அவள் தொட்டியைச் சட்டி என்பாள்.

அவள் பொய் சொல்பவள் இல்லை. ஆனாலும் மேனேஜருக்குச் சொல்ல ஒரு ஆதாரம் வேண்டுமே. அவளைப் பெருக்கும் வேலைக்கு அனுப்பிவிட்டு நானே தண்ணீர் விட்டேன், அதுவும் மிகக் குறைவாக. மாடிச் செடிகள் இன்னும் தொங்கின. போய் மேனேஜரிடம் சொன்னேன்.

"இப்ப நான்தான் சார் தண்ணி விடுறேன். அப்பயும் வாடுது."

"அப்படியா? அப்ப உங்க ரெண்டு பேரையும் மாத்தணுமா?" என்று கேட்டார். சத்தியமாக அவர் நக்கலுக்குக் கேட்கவில்லை. ஆலோசனையாகத்தான் கேட்டார். நான் வணக்கம் வைத்துவிட்டு வந்துவிட்டேன்.

ஒரு தொட்டியைக் கவிழ்த்துச் செடியை உருவிப் பார்த்தேன். வெள்ளையாக இருக்க வேண்டிய வேர் பழுப்பாகக் குழைந்திருந்தது, சாக்கடை வாடை அடித்தது. தண்ணீர் கூடித்தான் செத்திருக்கிறது. நான் ஊற்றியதோ அரை டம்ளர். மிச்சம் எங்கிருந்து வந்தது? மாடிக்குக் கூரை இருக்கிறது, மழைச் சாரல் அந்தப் பக்கம் அடிக்காது. ஏசிக் குழாய் ஒழுகுகிறதா என்று ஸ்டூல் போட்டு ஏறித் தடவிப் பார்த்தேன், சொட்டு இல்லை. பிறகு வரவேற்பறையிலிருந்த நல்ல செடி சிலவற்றை மாடிக்கும், மாடியில் நோயாளியாக இருந்தவற்றைக் கீழேயும் மாற்றி வைத்தேன். மாடிக்குப் போன நல்லவை படுத்துவிட்டன. கீழே வந்தவற்றில் ஒன்றிரண்டு தலை தூக்கின. செடியில் கோளாறு இல்லை, இடத்தில்தான் கோளாறு என்று ஆனது. ஜின்னு கின்னு வேலையோ என்றுகூட எனக்குள் ஓடியது. வெளியில் சொல்லவில்லை, கேலி செய்வார்கள்.

அறைகளைச் சுத்தம் செய்யும் ரோஸ்லினைக் கேட்கலாம் என்று மாடிக்குப் போனேன். பாம்பன்காரி. மாதா கோயில் திருவிழாவுக்கு வருடாவருடம் எனக்குச் சாப்பாடு கட்டி வருகிறவள். விருந்தாளி காலி செய்துவிட்டுப் போன அறையை அப்போதுதான் ஒதுங்க வைத்துக்கொண்டிருந்தாள்.

"ரோஸ்லினு, இந்தச் செடிக்கு நீ எதுவும் தண்ணி ஊத்துறியா?"

"நான் எதுக்கு பாய் ஊத்தப் போறேன்? எனக்கு இருக்குற வேல பத்தாதா?" என்று சொல்லிக்கொண்டே வெளியே வந்தாள். கை நிறையத் தண்ணீர் பாட்டில்கள். விருந்தாளி குடித்து மிச்சம் வைத்தவை, ஒன்றில் கால், ஒன்றில் பாதி, ஒன்று மூடியை மட்டும் திறந்து குடிக்காமலே கிடந்தது. ஒவ்வொன்றாகத் திறந்து வாசல் தொட்டியில் கவிழ்த்தாள். "மாதா மேல சத்தியமா நான் ஒரு சொட்டு ஊத்தல. எங்க மேல நீங்க சந்தேகப்படுறதே பாவம்" என்று சொல்லி முடித்தபோது கடைசிப் பாட்டிலும் காலியாகியிருந்தது.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. "இது என்ன?" என்று தொட்டியைக் காட்டினேன்.

"இது மிச்சத் தண்ணி பாய்."

"அதத்தான் கேக்குறேன்."

"இது ஊத்துறதா? நல்ல தண்ணிய வாஷ்பேசின்லயா கொட்டச் சொல்லுறீக? கை வருமா? அதான் இப்படி ஒரு உசுருக்காவது ஆகட்டும்னு."

மாடியில் வேலை பார்த்த நான்கைந்து பேரையும் விசாரித்தேன். எல்லாரும் தண்ணீர் ஊற்றவில்லை என்றார்கள், எல்லாரும் உண்மையைத்தான் சொன்னார்கள். எல்லாரும் மிச்சத்தைக் கொட்டியிருந்தார்கள். ராமநாதபுரம் ஜில்லாவில் பிறந்த எவருக்கும் நல்ல தண்ணீரைச் சாக்கடையில் விட மனசு வராது. சோதித்துப் பார்ப்போமே என்று நானே ஒரு அரை பாட்டிலோடு வாஷ்பேசின் முன்னால் போய் நின்றேன். குடத்துக்கு மல்லுக்கட்டி வளர்ந்த வீடு எங்கள் வீடு, தொழுகைக்குக் கை கால் கழுவி ஒளு செய்யும்போதுகூடச் சொம்பை அளந்து சாய்க்கச் சொல்வார் அத்தா. பாட்டில் கையில் இருந்தது, கை சாயவில்லை. கடைசியில் நானே குடித்துவிட்டு வந்தேன்.

அறை சுத்தம் செய்பவர்கள் தள்ளிக்கொண்டு போகும் வண்டியில் ஒரு வாளியைக் கட்டித் தொங்கவிட்டேன். மிச்சத்தை அதில் ஊற்றுங்கள், நான் தென்னைக்கு விடுகிறேன் என்றேன். அன்றோடு மாடிச் செடிகளின் சாவு நின்றது. விஷயம் முடிந்தது என்று நினைத்தேன். அப்போதுதான் ரோஸ்லினிடம் வாய்தவறி ஒன்று கேட்டேன்.

"ஏத்தா, பாட்டில் எல்லா வருசமும் மிச்சமாகுது. போன மாசம் செடி நல்லாத்தான இருந்துச்சு?"

"அப்ப சிவகலா கொண்டு போயிருவா பாய். எல்லாத்தையும் ஒரு கேன்ல ஊத்தி வச்சிருவோம், சாயந்திரம் எடுத்துக்கிட்டுப் போவா. கேட்ல பைய அவுத்துப் பாக்க ஆரம்பிச்சாக இல்ல, அதுலருந்துதான்…" என்றவள் சட்டென்று வாயைப் பொத்திக்கொண்டாள். "பாய், நான் சொன்னேன்னு காட்டிக்கிறாதீக."

டிசம்பர் தொடக்கத்தில் சமையலறையில் சில பாத்திரங்கள் காணாமல் போயிருந்தன. அதிலிருந்து வேலையாட்கள் ஒரு காலி பாட்டிலைக்கூட வெளியே கொண்டு போகக் கூடாது என்று உத்தரவு. மீறினால் வேலை கிடையாது. சிவகலாவின் கேன் நின்றது, தண்ணீர் செடிக்குப் போனது, செடி செத்தது, பழி சிவகலா மேல் வந்தது. இதை மேனேஜரிடம் எப்படிச் சொல்வது? சொல்லாவிட்டால் தண்ணீர் விடத் தெரியாதவள் என்று அவள் வேலை போகும். சொன்னால் ஹோட்டல் பொருளைக் கேனில் கொண்டு போனவள் என்று போகும். எந்தப் பக்கம் யோசித்தாலும் அவள் கேட்டுக்கு வெளியேதான் நின்றாள்.

வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகை முடித்து வந்ததும் மேனேஜர் அறைக்குக் கூப்பிட்டார். சிவகலாவையும் வரச் சொல்லியிருந்தார். ரோஸ்லின் ஏதோ துணி மடிக்கிற சாக்கில் வாசலில் நின்றாள்.

"அறையில மிச்சமாகுற தண்ணியத் தொட்டியில கொட்டிருக்காக சார். தெரியாமச் செஞ்சது. இப்ப வாளி வச்சுட்டேன்" என்றேன்.

"அப்படியா?" என்றார். மேசையைப் பார்த்தபடி யோசித்தார். "மிச்சம் எப்பவும் இருக்குமே பாய். இந்த மாசம் மட்டும் ஏன் செடி வாடணும்?"

நான் கேட்ட அதே கேள்வி. அவரும் கேட்பார் என்று எனக்கு ஏன் தோன்றாமல் போனது என்று தெரியவில்லை. மழை, காற்று, ஏசி என்று ஏதேதோ உளறினேன். ஒவ்வொன்றுக்கும் அவர் "அப்படியா?" என்றார்.

"முந்தி நான் கொண்டு போறனான் சேர்" என்றாள் சிவகலா. "இப்ப கேட்டில விடுறேல்லை. அதுதான்."

மேனேஜர் முதன்முறையாக "அப்படியா" சொல்லவில்லை.

"எதுக்கு?" என்றார்.

"குடிக்க. அம்மாவுக்குக் கேம்ப் தண்ணி ஒத்துக்கொள்ளுதில்லை."

"அது மத்தவங்க வாய் வச்ச எச்சில் தண்ணிம்மா."

"ஓம் சேர். காய்ச்சித்தான் குடுக்கிறனான்."

மேனேஜர் எழுந்து ஜன்னல் பக்கம் போனார். திரும்பி வந்து செக்யூரிட்டிக்குப் போன் போட்டார். சிவகலாவுக்கு ஹோட்டல் ஃபில்டரிலிருந்து தினமும் ஒரு கேன் தண்ணீர் பிடித்துக் கேட்டில் வைக்கச் சொன்னார். வேலைக்கும் ஒன்றும் ஆபத்தில்லை, நாளையிலிருந்து நீயே செடிகளைப் பார்த்துக்கொள் என்றார். வெளியே ரோஸ்லின் சிலுவை போட்டுக்கொண்டாள். எனக்கும் கண் கலங்கிவிட்டது, அல்ஹம்துலில்லாஹ் என்றேன். சிவகலா மட்டும் "நன்றி சேர்" என்று சொல்லிவிட்டு வாளியை எடுத்துக்கொண்டு மாடிக்குப் போனாள்.

மறுநாள் கேட்டில் புது கேன் நிறைத்து வைத்திருந்தார்கள். அவள் அதைத் தாண்டிப் போனாள். மறந்துவிட்டாள் என்று நினைத்தேன். அடுத்த நாளும் தாண்டிப் போனாள். செக்யூரிட்டி கூப்பிட்டும் கையை ஆட்டிவிட்டுப் பஸ் ஏறிவிட்டாள்.

வராந்தாவில் அவள் தொட்டிகளைத் தூக்கிப் பார்த்துக்கொண்டிருந்தபோது கேட்டேன். "ஏம்மா, அவரு நல்ல மனசோடதான குடுக்குறாரு? மிச்சத் தண்ணிய எடுத்தவ நல்ல தண்ணிய ஏன் எடுக்க மாட்டேங்குற?"

"மிச்சம் ஒருத்தருக்கும் வேண்டாதது அண்ணை. அதை நான் ஆரிட்டயும் கேக்கேல்லை" என்றாள். கோபம் இல்லை, சும்மா விளக்குகிற குரல்தான்.

"சரி, அப்ப அம்மா எதக் குடிக்கிறாக?"

"மழை பெய்யுதுதானே."

அடுத்த தொட்டிக்கு நகர்ந்துவிட்டாள். அந்த வருடம் கிறிஸ்துமஸுக்குச் செடிகள் தக்காளிச் சிவப்பில் நின்றன. முதலாளியின் பேரப்பிள்ளைகள் அவற்றின் முன்னால் நின்று போட்டோ எடுத்துக்கொண்டார்கள். மேனேஜர் என் தோளில் தட்டினார்.

தை பிறந்ததும் மழை நின்றுவிட்டது. அப்போதும் அவள் கேட்டிலிருந்த கேனை எடுக்கவில்லை. அறைகளில் மிச்சமான தண்ணீர் என் வாளி வழியாகத் தென்னைக்குப் போய்க்கொண்டிருந்தது. நான் அவளைக் காப்பாற்றினேனா, அவள் அம்மாவின் வாயிலிருந்து தண்ணீரைப் பறித்தேனா என்று எனக்கு இன்றைக்கும் விளங்கவில்லை. மழை நின்ற பிறகு அம்மா எதைக் குடிக்கிறாள் என்று அவளிடம் மறுபடி கேட்க அப்போது எனக்குத் துணிச்சலும் வரவில்லை.